தோழிக்குப் பரிசு: வீட்டுக்கா, அவளுக்கா?

கேள்வி (ரங்கூன் வாசகர் ஒருவர், நவம்பர் 5)

அக்கா, கூடப் படித்த தோழிக்கு டிசம்பர் முதல் வாரத்தில் பிறந்தநாள் வருகிறது. எங்களுக்குள் காதல் கீதல் எதுவும் கிடையாது. அவள் வீட்டில் கை நனைத்தவன் நான், அவள் அம்மாவை அம்மா என்றுதான் கூப்பிடுவேன். போன வருடம் ஒரு கைக்கடிகாரம் கொடுத்தேன். அவள் அத்தை அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "எப்பக் கல்யாணம்?" என்று கேட்டுவிட்டார். இந்த முறை யாரும் வாயைத் திறக்கக் கூடாது. ஆனால் கடையில் கைக்குக் கிடைத்ததைத் தூக்கிக்கொண்டு வந்த மாதிரியும் இருக்கக் கூடாது. பணம் அதிகம் இல்லை. என்ன கொடுக்கலாம்?

நவம்பர் 5, இரவு

உடம்பில் ஏறுகிற பொருள் எதுவும் வேண்டாம் தம்பி. கடிகாரம், கம்மல், வளையல், செண்ட் எல்லாம் வேண்டாம். தமெய்ன் துணி கூடவே கூடாது. துணிக்கடையில் அச்சேய்க் அலைவேலைப்பாட்டைப் பார்த்தால் வாங்கத்தான் தோன்றும். ஆனால் பெண் இடுப்பில் கட்டுகிற துணியை வெளி ஆண்பிள்ளை வாங்கிக் கொடுத்தால், தமிழ் வீடாக இருந்தாலும் பர்மிய வீடாக இருந்தாலும் கேட்பது அதே கேள்விதான். அத்தை கூட வேண்டாம், பக்கத்து வீட்டுக்காரரே கேட்பார்.

வீட்டுக்குக் கொடு. அவள் அம்மா கையில் கொடுத்து, "பிறந்தநாளுக்கு எல்லாருமா சாப்பிடுங்க" என்று சொல். பத்தெய்ன் ஊர் அல்வா ஒரு பெட்டி, அல்லது ஊறவைத்த தேயிலை வைக்கிற அரக்குப் பெட்டி. அறை அறையாக, மூடியோடு இருக்குமே, அதுதான். பெட்டிக்குள் லப்பெட் என்கிற அந்தத் தேயிலையும் வறுபயறும் போட்டுக் கொடுத்தால் யார் கண்ணுக்கும் உறுத்தாது.

நவம்பர் 6

அரக்குப் பெட்டி என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன், இரண்டு பேர் எப்படிப் பார்த்து வாங்குவது என்று கேட்கிறார்கள். பகானில், முக்கியமாக மின்கபா கிராமத்தில், செய்கிறவை நல்லவை. மூங்கிலைச் சீவிச் சுருட்டியோ பின்னியோ கூடு செய்கிறார்கள். மென்மையான கிண்ணம் என்றால் மூங்கிலோடு குதிரை முடியையும் சேர்த்துப் பின்னுவார்கள். அதன் மேல் திட்ஸி மரத்துப் பாலைப் பூசி, நிலவறையில் காயவைத்து, தேய்த்து, மறுபடி பூச வேண்டும். ஒவ்வொரு பூச்சும் காய நாள் கணக்கில் ஆகும், அதனால் நல்ல பெட்டி ஒன்று கையை விட்டு வெளியே வர மாதங்கள் ஆகிவிடும். குதிரை முடிக் கிண்ணத்தின் விளிம்பை இரண்டு பக்கமும் அழுத்தினால் உள்பக்கங்கள் ஒன்றையொன்று தொடும், விட்டால் பழையபடி வட்டமாகிவிடும். கடைக்காரர் அதைச் செய்து காட்டத் தயங்கினால் வேறு கடை பாருங்கள்.

மூடியைத் திறந்து முகர்ந்தும் பார்க்கலாம். பெயிண்ட் வாடை அடித்தால் அது கண்காட்சிக்கு மட்டும், தின்பண்டம் போடாதீர்கள். வாங்கப் போகிறவர்கள் திங்கட்கிழமை போகாதீர்கள், ரங்கூன் ஸ்காட் மார்க்கெட் (போஜோ சந்தை) அன்று மூடி. தெரிந்தவர்களே இதை மறந்துவிட்டுப் பூட்டிய கதவைப் பார்த்துவிட்டு வருகிறார்கள்.

நவம்பர் 6, கொஞ்ச நேரம் கழித்து

விலை எழுதச் சொல்லாதீர்கள். நான் எழுதி நீங்கள் படிப்பதற்குள் ஏறியிருக்கும்.

நவம்பர் 8

பெகுவிலிருந்து ஒரு தங்கை கோபமாக எழுதியிருக்கிறாள். "எனக்கு வருகிற பரிசையெல்லாம் வீடுதான் தின்கிறது அக்கா. கேக் வந்தால் தம்பிகள், குடை வந்தால் அம்மா, பேனா வந்தால் அப்பா. நீங்களும் அதையே சொல்லிக் கொடுக்கிறீர்களே" என்கிறாள்.

சரியான அடி. படித்துவிட்டு அடுப்பில் வைத்த குழம்பைக் கிண்டிக்கொண்டே யோசித்தேன். என் பதினாறு வயதில் ஒரு சிநேகிதி பத்தெய்ன் குடை ஒன்று கொடுத்தாள். மூங்கில் காம்பு, சிவப்புத் துணி, விளிம்பு முழுக்கக் கையால் போட்ட பூ. துணிக்கு மரப்பால் பூசியிருந்ததால் மழைக்கும் தாங்கும். வெயிலுக்கு மட்டுமான குடையும் அங்கே செய்கிறார்கள், அதில் இந்தப் பூச்சு இருக்காது. நான் அதைக் கோயிலுக்கு ஒரு தடவை பிடித்துக்கொண்டு போனதுதான் மிச்சம். ஊரிலிருந்து வந்த சித்தி கிளம்பும்போது மழை தூறியது. "அவ கையில கொடுடி" என்றார் அம்மா. குடை சித்தியோடு போய்விட்டது. சித்தி வீட்டு மாடியில் அது கொடியில் துணிக்கு நடுவே தொங்கியதைப் பிறகு பார்த்தேன், கேட்கவில்லை. கேட்கிற பழக்கம் நம் வீடுகளில் கிடையாது.

ஆக, வீட்டுக்குக் கொடுப்பது பத்திரமான வழிதான், ஆனால் அந்தப் பெண்ணுக்கு அதில் ஒன்றும் மிஞ்சாது. ஆண் பெண் நட்பில் இந்தச் சிக்கல் இரட்டிப்பு. வாயை மூட வைக்கிற பரிசு பொதுவாக அவளுக்கு வந்து சேராது. அவளுக்கே வந்து சேர்கிற பரிசு வாயைத் திறக்க வைக்கும்.

நவம்பர் 9

அவளுக்கு மட்டுமே ஆனது, ஆனால் யாரும் தப்பாக நினைக்க முடியாதது என்று இந்த ஊரிலேயே ஒன்று இருக்கிறது: பிறந்த கிழமைக்கான விலங்கு. ஷ்வேடகோன் பகோடாவைச் சுற்றி எட்டு மூலையில் எட்டு இருக்கிறது, எல்லாரும் பார்த்திருப்பீர்கள். திங்கள் புலி, செவ்வாய் சிங்கம், வியாழன் எலி, சனி நாகம், ஞாயிறு கருடன். புதன் மட்டும் இரண்டாகப் பிரியும், காலையில் பிறந்தால் தந்தமுள்ள யானை, மத்தியானத்துக்கு மேல் தந்தமில்லாத யானை. வெள்ளிக்கிழமைக்காரர்களுக்குக் கிடைப்பது வாலில்லாத பெருச்சாளி மாதிரி ஒன்று, பாவம். என் தம்பி வெள்ளிக்கிழமை பிறந்தவன், இன்னும் யாரையாவது திட்டிக்கொண்டிருக்கிறான்.

மரத்திலோ பளிங்கிலோ உள்ளங்கை அளவில் கிடைக்கும். இதை அவள் வீட்டில் வேறு யாரும் "எனக்கு" என்று எடுத்துக்கொள்ள மாட்டார்கள், கிழமை ஒத்துப் போனால் ஒழிய.

பர்மியப் பெயராக இருந்தால் முதல் எழுத்தே கிழமையைச் சொல்லிவிடும். க வரிசை திங்கள், ச வரிசை செவ்வாய், ப வரிசை வியாழன், உயிரெழுத்து ஞாயிறு. நம் தமிழ்ப் பெயர்களுக்கு இந்தக் கணக்கு ஓடாது. அவளைக் கேட்டால் விஷயம் தெரிந்துவிடும், அம்மாவைக் கேட்டால் அத்தை வரை போய்விடும். பிறந்த தேதி வருடத்தோடு தெரியும்தானே, போனில் பழைய காலண்டரைப் பார். புதன்கிழமை என்று வந்தால்தான் மாட்டினாய், நேரமும் வேண்டும்.

நவம்பர் 11

மாண்டலேயிலிருந்து ஒருவர் "ஆந்தை ஜோடி கொடுங்கள், அதுதான் ராசி" என்று எழுதியிருக்கிறார். ஐயா, நீங்கள் தமிழ் வீட்டுக்குள் ஆந்தையைக் கொண்டு போய்ப் பார்த்ததுண்டா?

பர்மியர்களுக்கு அந்தத் தங்க நிறக் காகிதக்கூழ் ஆந்தை சேவலும் பெட்டையுமாக ஜோடியாக இருந்தால் செல்வம் வரும், வீடு செழிக்கும். கடைக்காரர்கள் கல்லாப் பக்கத்தில் வைத்திருப்பார்கள். நம் பாட்டிமாருக்கோ ஆந்தை என்றாலே அலறல், அலறல் என்றாலே சாவு. என் கணவரோடு வேலை பார்க்கும் பர்மியர் ஒருவர் புது வீட்டுக்கு ஆசையாக ஒரு ஜோடி கொண்டுவந்தார். மாமியார் முகம் போன போக்கு! அவர் உட்கார்ந்திருந்த வரை சிரித்துப் பேசினார், மொஹிங்கா (மீன்குழம்பு நூடுல்ஸ்) பரிமாறினார், வாசல் வரை வந்து வழியனுப்பினார். உடனே இரண்டு ஆந்தையையும் பழைய துண்டில் சுற்றிப் பரணில் ஏற்றிவிட்டார். அந்த மனிதர் அடுத்த முறை வருகிறார் என்றால் இறக்கி, துடைத்து, அலமாரியில் வைப்பது என் வேலை. அவர் நட்பும் கெடவில்லை, மாமியார் நம்பிக்கையும் கெடவில்லை. வருடக் கணக்கில் நடக்கிறது இந்த ஏற்றலும் இறக்கலும்.

தம்பியின் தோழி தமிழ்ப் பெண்ணா பர்மியப் பெண்ணா என்று நீ சொல்லவே இல்லை. அத்தை இருக்கிறார் என்பதை வைத்துத் தமிழ் என்று நான் எடுத்துக்கொண்டேன்.

நவம்பர் 12

தம்பி பதில்: அப்பா தமிழ், அம்மா கரேன் இனம், ஞாயிற்றுக்கிழமை சர்ச், ஆனால் தைப்பூசத்துக்குக் கோயிலுக்கும் வருவாள். அத்தை அப்பா பக்கம்.

ரங்கூன் என்றால் இப்படித்தான். கிழமை விலங்கு அம்மா பக்கம் எடுபடுமா தெரியாது, அதைத் தனியாக நீயே விசாரித்துக்கொள். அவர்கள் வீட்டு மேசையில் சிலை பொம்மை வைப்பதை விரும்பாதவர்களாக இருந்தால் விட்டுவிடு. ஆந்தைக்கு பதில் அதே காகிதக்கூழில் செய்கிற பிட்தாய்ங்டவுங் பொம்மை இருக்கிறது. முட்டை வடிவம், அடியில் கனம், எப்படித் தள்ளினாலும் எழுந்து நிற்கும். எந்த மதத்துக்கும் சொந்தமில்லாத முகம். பரீட்சையில் தோற்றவர்களுக்கு, வேலை போனவர்களுக்கு, காய்ச்சலில் படுத்தவர்களுக்கு என் பள்ளிக் கூட்டத்தில் அதைத்தான் கொடுப்போம். பிறந்தநாளுக்கு அது கொஞ்சம் சின்னப் பிள்ளைத்தனமாகத் தெரியலாம். எனக்குத் தெரியவில்லை, ஆனால் நான் வயதானவள்.

நவம்பர் 15

"பேசாமல் பணத்தைக் கவரில் போடுங்கள், இந்தக் காலத்தில் அதுதான் உதவி" என்று ஒருவர். கல்யாணத்துக்குச் சரி, காதுகுத்துக்குச் சரி. நெருங்கிய சிநேகிதிக்குப் பணக் கவர் கொடுத்தால் அடுத்த நாளே அவள் மனதில் நோட்டுப் புத்தகம் திறந்துகொள்ளும், உன் பிறந்தநாளுக்கு அதற்கு மேல் ஒரு ரூபாயாவது வைக்க வேண்டுமே என்று. பொருளின் விலையை அவள் ஊகிக்கத்தான் முடியும், பணத்தின் விலை அதன் மேலேயே அச்சடித்திருக்கிறது.

அதிலும் நம் ஆட்களுக்கு 101, 501 என்று ஒன்று கூடுதலாக வைத்தால்தான் திருப்தி. பத்தாயிரம் கியாட்டோடு சேர்க்க ஒரு கியாட் நோட்டை இப்போது எங்கே போய்த் தேடுவது? என் மாமனார் பழைய ஒரு கியாட் நோட்டுக் கட்டு ஒன்றைப் பெட்டியில் பூட்டி வைத்திருந்து, மொய்க்கு மட்டும் ஒவ்வொன்றாக எடுப்பார். கவரை வாங்கியவர் அதைச் செலவழிக்கவும் முடியாது, எறியவும் மனம் வராது. அந்த நோட்டு இன்னொரு மொய்க்கவரில் ஏறி, சுற்றி எங்கள் வீட்டுக்கே வந்திருந்தாலும் ஆச்சரியப்பட மாட்டேன்.

விளையாட்டாக ஒரு பரிசு வேண்டுமென்றால் பழைய நோட்டு நல்ல யோசனை. பன்சோடான் தெருவில் பழைய புத்தகம் விற்கிறவர்கள் சிலர் பழைய நோட்டும் வைத்திருப்பார்கள். 75 கியாட் நோட்டு ஒன்றை வாங்கிச் சட்டம் போட்டுக் கொடுத்தால் பேச்சுக்குக் குறைவிருக்காது.

நவம்பர் 16

75, 45, 90 மூன்றும் ஒன்றாக வந்தவை என்று ஒரு பெரியவர் எழுதியிருக்கிறார். இல்லை ஐயா. 75 வந்தது 1985இல், அப்போது நாட்டை ஆண்ட நே வின்னுக்கு 75 வயது நிறைவதை ஒட்டி. 1987 செப்டம்பரில் 25, 35, 75 மூன்றையும் செல்லாது என்று திடீரென்று அறிவித்தார்கள், மாற்றிக் கொடுக்கவும் இல்லை. அதே மாதத்தில் 45உம் 90உம் வந்தன, ஒன்பதால் வகுபடும் எண்கள் என்பதால். என் அப்பா மெத்தைக்கு அடியில் வைத்திருந்தது அன்றைக்குக் காகிதமானது. ஆகவே 75 கியாட் நோட்டைச் சட்டம் போட்டு வயதானவர்கள் இருக்கிற வீட்டில் மாட்ட வேண்டாம். இளைஞர்களுக்கு வேடிக்கை, அவர்களுக்கு எரிச்சல்.

அரிய நோட்டு, விலை ஏறும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். சுற்றுலாக்காரர்களுக்காகக் கட்டுக்கட்டாக விற்றது அது.

நவம்பர் 19

இந்த ஊரில் பிறந்தநாள் நம் ஊருக்கு நேர் எதிர் என்பதை யாருமே சொல்லவில்லையே. பிறந்தநாள்காரர்தான் மற்றவர்களுக்குச் செய்வார். காலையில் மடத்தில் பிக்குகளுக்குச் சாப்பாடு, அலுவலகத்தில் எல்லாருக்கும் கௌஸ்வே நூடுல்ஸ், பகோடாவில் கிழமை மூலைக்குத் தண்ணீர். நம் ஆட்களும் இதைப் பிடித்துக்கொண்டு காளி கோயிலில் அன்னதானத்துக்குக் கட்டிவிடுகிறார்கள். 1871இல் கட்டிய கோயில், எத்தனை பேருடைய பிறந்தநாள் சாப்பாட்டைப் பார்த்திருக்குமோ.

அதனால் அவள் செய்யப் போகிற செலவில் பாதியை நீ ஏற்றுக்கொள்ளலாம். சர்ச் பிள்ளைகளுக்கோ முதியோர் இல்லத்துக்கோ சாப்பாடு கொடுக்கிறாள் என்றால், அரிசி என் பொறுப்பு என்று சொல். காதல் என்று எந்த அத்தையும் சொல்ல மாட்டார், அரிசி மூட்டையைப் பார்த்துக் கவிதை தோன்றாது. அன்றைக்குப் பந்தியில் நின்று பரிமாறவும் செய்.

ஆனால் இதிலும் பெகு தங்கை சொன்னது இருக்கத்தான் செய்கிறது. புண்ணியம் அவளுக்கு, சோறு ஊருக்கு. கையில் ஒன்றும் இல்லை.

நவம்பர் 20

முதியோர் இல்லத்தில் கொடுப்பதைப் படம் எடுத்து ஃபேஸ்புக்கில் போடாதே.

நவம்பர் 22

எனக்கு வந்ததிலேயே நல்ல பரிசு எது என்று மோல்மீன்காரி ஒருத்தி கேட்டிருந்தாள். சொல்கிறேன்.

நாங்கள் அப்போது டவுனில் ஐந்தாம் மாடி. லிஃப்ட் கிடையாது, படிக்கட்டில் விளக்கும் கிடையாது. டவுனில் இருந்தவர்களுக்குத் தெரியும், பால்கனியிலிருந்து தெரு வரை ஒரு கயிறு தொங்கும், நுனியில் கிளிப். கீழே வருகிறவர் கயிற்றை இழுத்தால் மேலே மணி அடிக்கும். பேப்பர், கடிதம், கரண்ட் பில், சாவி, சில சமயம் பிளாஸ்டிக் பையில் மொஹிங்கா எல்லாம் அதில்தான் ஏறும், இறங்கும். என் தோழி ஒருத்தி வேலைக்குப் போகிற வழியில் அதில் மல்லிகைப்பூ மாட்டி இழுத்துவிட்டுப் போவாள். அவளுக்கு முட்டி வலி, மேலே ஏற மாட்டாள்.

ஒரு பிறந்தநாளுக்கு முந்தின சாயங்காலம் மூச்சு வாங்க ஐந்து மாடியும் ஏறி வந்தாள். பையிலிருந்து நைலான் கயிறு, புதுக் கிளிப், சின்னப் பித்தளை மணி எடுத்தாள். பழைய கயிறு மூன்றாம் மாடிப் பக்கம் இழை பிரிந்து தொங்குவதை அவள் கீழே நின்று பார்த்துக்கொண்டே இருந்திருக்கிறாள். மேலே இருக்கிற எங்கள் கண்ணுக்கு அது படவே இல்லை. வந்தவள் காபி கூடக் குடிக்காமல் முதலில் கயிற்றை மாற்றிக் கட்டினாள்.

மொத்தச் செலவு ஒரு சினிமா டிக்கெட் அளவுக்குத்தான் இருக்கும். அந்தப் பொருளில் என் பெயரும் இல்லை, அவள் பெயரும் இல்லை. வீட்டுக்கும் ஆயிற்று, எனக்கும் ஆயிற்று, என் மாமியார் கூட மணிச் சத்தம் நன்றாக இருக்கிறது என்றார். நவம்பர் 8 அன்று இரண்டும் ஒன்றாக நடக்காது என்கிற மாதிரி எழுதினேன். நடக்கும், ஆனால் அதற்குக் கடைக்குப் போவதற்கு முன்னால் அவள் வீட்டில் எது பிய்ந்திருக்கிறது என்று பார்த்திருக்க வேண்டும். தம்பி, அவள் தோள்பையைப் பார், செருப்பைப் பார், போன் சார்ஜரைப் பார்.

நவம்பர் 23

செருப்பு வாங்கச் சொல்லவில்லை! பார்க்கத்தான் சொன்னேன். எழுதி முடித்த பிறகுதான் தோன்றியது, காலுக்குப் போடுவதைப் பரிசாகக் கொடுப்பது இங்கே அவ்வளவு நன்றாக இராது. ஷான் பை என்கிற தோள்பை வாங்கலாம். ஆணும் பெண்ணும் மாட்டுகிற பை, வாத்தியாரும் மாட்டுவார், மாணவனும் மாட்டுவான், அதில் ஒருவரும் கதை கட்ட முடியாது. நெய்ததா அச்சடித்ததா என்று உள்பக்கத்தைத் திருப்பிப் பாருங்கள். நெய்தது என்றால் உள்ளேயும் நிறம் தெரியும்.

நவம்பர் 25

கொடுக்கிற விதம் பற்றி. வலது கையில் கொடு, இடது கையால் வலது முழங்கையைத் தொட்டுக்கொள், அம்மா முன்னால் என்றால் கட்டாயம். அவள் உன் முன்னால் பிரிக்கவில்லை என்றால் முகம் வாடாதே. இந்த ஊரில் அதுதான் மரியாதை. அப்படியே ஓரமாக வைத்துவிட்டுச் சாப்பிட வா என்பாள். பிடித்ததா இல்லையா என்பது அவள் அதை உபயோகிக்கிறாளா என்று பார்த்தால்தான் தெரியும், அதற்குப் பல மாதம் ஆகலாம். இதைத் தாங்க முடியாத பிள்ளைகள்தான் "எப்படி இருக்கு, எப்படி இருக்கு" என்று மெசேஜ் அனுப்பி உயிரை எடுக்கிறார்கள்.

நவம்பர் 28

தம்பி எழுதியிருக்கிறான்: "அக்கா, நான் அவளிடமே கேட்டுவிட்டேன். சார்ஜ் போடுகிற ஃபேன் வேண்டுமாம். ராத்திரி கரண்ட் போனால் பாட்டியால் தூங்க முடியவில்லையாம்."

இத்தனை நாள் எழுதினேனே நான்!

சரி. கேட்டு வாங்கிக் கொடுப்பது பரிசா என்று என் வயதுக்காரர்கள் முணுமுணுப்பார்கள், நானும் கொஞ்சம் முணுமுணுத்தேன். ஆனால் எனக்கு இது வேண்டும் என்று அவள் கூச்சமில்லாமல் சொல்கிறாள் என்றால் உங்கள் நட்பு நன்றாகத்தான் இருக்கிறது. ஏதாவது வேண்டுமா என்று கேட்டால் "ஒன்றும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம்" என்று பத்துத் தடவை சொல்கிற ஊர் இது. ஃபேனுக்குப் பெரிய பேட்டரியாகப் பார். கடையிலேயே ஓடவிட்டுச் சத்தம் கேள், பாட்டிக்கு அந்த இரைச்சல் ஆகாது என்றால் அவ்வளவுதான். யூஎஸ்பியிலும் சார்ஜ் ஏறுகிறதா என்று கேள், சோலார் பலகை வைத்திருக்கிற வீடு என்றால் அது உதவும்.

பாட்டிக்கு ஃபேன் போய்விட்டால் அவளுக்கு என்ன மிஞ்சும் என்று பெகு தங்கை கேட்பாள். அதனால் கூடவே ஷான் பையும் வாங்கு.

டிசம்பர் 2

எல்லை ஊரான மோரே வழியாக மணிப்பூர் பக்கம் இருக்கிற சொந்தத்துக்கு லப்பெட் அனுப்புவது பற்றி ஒருவர் கேட்டிருக்கிறார். அங்கே இருக்கிற நம் ஆட்களுக்கு அதை எடுத்துக்கொண்டு போனால் வேறு எதுவும் வேண்டாம், உண்மைதான். அரக்குப் பெட்டிக்குள் போட்டு அனுப்பாதீர்கள், பெட்டி தனி, தேயிலை தனி. தேயிலையை எண்ணெயோடு கெட்டிப் பிளாஸ்டிக் பையில் போட்டு, காற்றை அழுத்தி எடுத்து, அதை இன்னொரு பையில் போட்டுக் கட்டுங்கள். வறுபயறு, எள், பூண்டு, நிலக்கடலை எல்லாம் வேறு பொட்டலம், ஈரம் பட்டால் நமுத்துவிடும். காய்ந்த இறால் சேர்ப்பதாக இருந்தால் அவர்கள் வீட்டில் சாப்பிடுகிறவர்களா என்று முதலில் கேளுங்கள். துணி இருக்கிற பெட்டியில் வைக்கவே வேண்டாம், அந்த எண்ணெய்க் கறை எந்தச் சோப்புக்கும் போகாது.